கோயில் வாசலில் அணைந்த சூடம்

தராசுக் கயிறு அறுந்தால் என்ன செய்வது என்று நம் முன்னோர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். ஆகையால் உலகத்தில் எது அறுந்தாலும் அதற்கும் எழுதி வைத்திருப்பார்கள், தேடிப் பார்த்தால் கிடைக்கும், தேடுவதற்கு நான் இருக்கிறேன் என்று நம்பிக்கொண்டிருந்தேன். இந்த நம்பிக்கையோடு பினாங்கு நீதிமன்றத்தில் பல வருஷம் தமிழ் மொழிபெயர்ப்பாளனாகச் சம்பளம் வாங்கினேன். கண் மங்கிப்போய், ஐம்பது வயதிலேயே ஓய்வு கொடுத்து வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். நம்பிக்கை அதற்கு முன்பே ஓய்வு பெற்றுவிட்டது. அது எப்படி என்று சொல்கிறேன்.

நீதிமன்றத்தில் புதிதாக மொழிபெயர்ப்பு வேலைக்குச் சேர்ந்திருக்கும் உங்களில் சிலர் பழைய தர்ம சாஸ்திரங்களைப் படிக்கத் தொடங்கியிருப்பதாகக் கேள்விப்பட்டேன். படியுங்கள். நல்ல படிப்பு. நான் அதில் விழுந்தது சத்தியப் பிரமாணங்களைப் பற்றிய பகுதியில். சாட்சியும் இல்லை, பத்திரமும் இல்லை, ஒருவன் சொல்லுக்கு எதிராக இன்னொருவன் சொல் மட்டும்தான் இருக்கிறது என்றால் பழைய காலத்தில் தெய்வத்தைச் சாட்சிக்கு அழைப்பார்கள். ஆளைத் தராசுத் தட்டில் ஏற்றி நிறுப்பார்கள், தீயைத் தொடச் சொல்வார்கள், தண்ணீரில் முங்கச் சொல்வார்கள். ஒவ்வொன்றுக்கும் விதி உண்டு. எந்தப் பருவத்தில் எது கூடாது, காற்று பலமாக அடித்தால் எது கூடாது என்பது வரை உண்டு. தராசுச் சோதனையில் பாதியில் கயிறு அறுந்து ஆள் கீழே விழுந்துவிட்டால்? ஒரு நூல் அவன் குற்றவாளி என்கிறது. இன்னொரு நூல் மறுபடி நிறுத்துப் பார் என்கிறது. உரை எழுதியவர் இரண்டையும் சமாதானப்படுத்தி, அறுந்ததற்குக் கண்ணுக்குத் தெரிந்த காரணம் இருந்தால் மறுபடி நிறுத்துப் பார், காரணமே தெரியாவிட்டால் குற்றவாளி என்கிறார். இதைப் படித்த அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. அவ்வளவு சந்தோஷம். போகிற இடமெல்லாம் இதைச் சொல்லிக்கொண்டிருந்தேன். தராசில் சர்க்கரை நிறுத்த மளிகைக் கடைக்காரரிடம்கூடச் சொன்னேன். அவர் தன் தராசைத்தான் குறை சொல்கிறேன் என்று நினைத்துவிட்டார்.

எங்கள் தலைமை மொழிபெயர்ப்பாளர் யாழ்ப்பாணத்தார். சிரிக்காமலே சிரிக்க வைக்கிறவர். ஒருநாள் என்னைக் கூப்பிட்டார்.

"நீர்தானே பழைய சட்டமெல்லாம் படிக்கிறனீர்?"

"ஆமா ஐயா."

"நல்லது. அந்தப் பால்கார மனுசி கோயிலிலை சத்தியம் செய்யப் போறா. துவான் ஆள் அனுப்பச் சொல்றார். நீர் போம். திரும்பி வந்து கண்டதைச் சொல்லும்."

துவான் என்று நாங்கள் சொல்வது நீதிபதியை. அவர் முன்னால் நான் மொழிபெயர்த்துக்கொண்டிருந்த வழக்கு இதுதான். ஆயர் ஈத்தாம் போகிற வழியில் மாட்டுத்தொழுவம் வைத்துப் பால் வியாபாரம் செய்துவந்த சின்னத்தம்பி என்பவர் காய்ச்சலில் செத்துப்போனார். வீடு, தொழுவம், மாடுகள் எல்லாம் அவர் பெயரில். அந்த வீட்டில் பாக்கியம் என்ற பெண்ணும் அவளுடைய சின்ன மகளும் இருந்தார்கள். சின்னத்தம்பியின் அண்ணன் பெருமாள், அந்தப் பெண் தன் தம்பிக்கு மனைவியே அல்ல, சாணி அள்ள வந்தவள், சும்மா சேர்ந்து இருந்தாள், ஆகவே சொத்துக்கு வாரிசு தான்தான் என்று வழக்குப் போட்டார். பாக்கியம், பத்து காவான் என்ற ஊரில், கரும்புத் தோட்டத்துக் கூலிக்காரர் லயத்தில் சின்னத்தம்பி தனக்குத் தாலி கட்டினார் என்றாள். கட்டி வைத்த கங்காணி செத்துவிட்டார். பார்த்தவர்கள் கப்பலேறி ஊருக்குப் போய்விட்டார்கள். பெருமாளின் வக்கீல், ஐயர் உண்டா, அக்கினி உண்டா, ஏழடி நடந்தீர்களா என்று சாஸ்திரப்படி கேட்டார். லயத்தில் ஐயருக்கு எங்கே போவது. மஞ்சள் கயிறு, மாரியம்மன் படம், கங்காணி, இவ்வளவுதான்.

மனைவி இல்லை என்று தீர்ந்துவிட்டால் அவள் அந்த வீட்டை விட்டு இறங்க வேண்டும். மகள் அப்பன் பெயர் இல்லாத பிள்ளை ஆகிவிடுவாள். இரண்டாவதுதான் அவளுக்குப் பெரிதாக இருந்தது என்று நினைக்கிறேன். கூண்டில் நின்றபோது மாடுகளைப் பற்றிப் பேசினால் தெளிவாகப் பேசினாள். மகளைப் பற்றிக் கேட்டால் சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு தரையைப் பார்த்தாள்.

வழக்கு இப்படி இழுபறியாக இருந்தபோது பெருமாள் எழுந்து நின்றார். அவருடைய வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தும் உட்காரவில்லை.

"துவான், இந்தப் பொம்பளை அம்மன் சன்னிதியில சூடம் அணைச்சுச் சத்தியம் பண்ணட்டும். பண்ணிட்டா எல்லாம் அவளுக்கே. நான் வாயத் தொறக்க மாட்டேன்."

எரிகிற சூடத்தின் மேல் உள்ளங்கையை அடித்து அணைத்துச் சத்தியம் செய்வது நம்மவர்கள் எல்லாருக்கும் தெரிந்ததுதான். ஒரு தரப்பு இப்படிக் கேட்டு மறு தரப்பு ஒப்புக்கொண்டால் நீதிமன்றம் ஆள் அனுப்பி அதை நடத்தி வைக்கும். பாக்கியம் உடனே ஒப்புக்கொண்டாள். பெருமாள் முகத்தில் ஒரு சின்னத் திருப்தி தெரிந்தது. அது எதற்கு என்று அப்போது எனக்குப் புரியவில்லை. எனக்கு அந்த நேரம் எதுவும் புரிந்திருக்காது. ஆயிரம் வருஷத்துப் பிரமாணச் சட்டம் என் கண் முன்னால் நடக்கப்போகிறது, அதை நடத்தி வைக்கப் போகிறவன் நான். சம்பந்தி வீட்டுக்காரன் மாதிரி நடந்தேன்.

கடலோரத்தில் ஒரு சின்ன மாரியம்மன் கோயில். குடை, தொப்பி, துணிப்பையில் மூன்று சாஸ்திரப் புத்தகம் சகிதம் மத்தியானம் போய்ச் சேர்ந்தேன். பெருமாள் தன் ஆட்களோடு முன்பே வந்து வாசலை அடைத்து நின்றார். பாக்கியம் மகளைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டுத் தனியாக வந்திருந்தாள். அவளுடைய வக்கீலின் குமாஸ்தா காதர் பாய், கோயிலுக்குள் வரவேண்டாம் என்று தெருவின் எதிர்ப்பக்கம் ஒரு மரத்தடியில் நின்றார். அவர் நின்ற இடம்தான் வெளியே. குரல் உள்ளேதான் இருந்தது.

பாக்கியம் படியில் கால் வைத்தாள். பெருமாள் கையை நீட்டித் தடுத்தார்.

"தாலி அறுத்து வருசம் திரும்பல. உள்ள வரக்கூடாது."

சின்னத் திருப்தி எதற்கு என்று இப்போது விளங்கியது. துக்கம் உள்ள விதவை ஒரு வருஷம் கோயிலுக்குள் வருவதில்லை. சத்தியமும் சன்னிதியில்தான் செய்ய வேண்டும், சன்னிதிக்கும் வரக்கூடாது. கெட்டிக்காரத்தனமாக முடிச்சுப் போட்டிருந்தார். அவர் சொன்ன வாக்கியத்தை நான் கேட்டேன். காது கேட்டது. அதற்கு மேல் அது எங்கும் போகவில்லை. என் மூளை முழுக்கத் தராசுக் கயிறு.

பாக்கியம் தயங்கவில்லை. "நான் வாசல்ல நின்னே பண்றேன். ஆத்தாவுக்கு வாசல் தெரியாதா."

பூசாரிக்கு அதில் ஆட்சேபம் இல்லை. பெருமாள் நீட்டிய கையை மடக்கிக்கொண்டார். வாசற்படிக்குக் கீழே ஒரு வாழையிலைத் துண்டில் சூடத்தை வைத்து ஏற்றினார் பூசாரி. பாக்கியம் அம்மனைப் பார்த்து நின்றாள். முதுகுக்குப் பின்னால் கடல்.

"எனக்கு சின்னத்தம்பி தாலி கட்டினாரு. பத்து காவான் லயத்துல, ஊர் பாக்கக் கட்டினாரு. இது பொய்யின்னா என் கண்ணு போகட்டும்."

சொல்லிவிட்டுக் குனிந்து கையை ஓங்கினாள். கை இறங்குவதற்குள் சூடம் அணைந்துவிட்டது.

புகை மட்டும் ஒரு கோடாகப் போயிற்று.   நான் புத்தகப் பையை மார்போடு அணைத்துக்கொண்டேன்.

"பாத்தீங்களா," என்றார் பெருமாள். "ஆத்தாவே வாங்கிக்கல."

"காத்து அது," என்றார் ஒரு கிழவர்.

"காத்து யாரோடது? காத்தும் ஆத்தாவோடதுதானே."

 

எதிர்ப்பக்கத்து மரத்தடியிலிருந்து காதர் பாய் தன் பினாங்குத் தமிழில் கத்தினார். "தம்பி, குடையைப் பிடிச்சு இன்னொரு தடவை ஏத்தச் சொல்லுங்க லா."

"குடை பிடிச்சா அது ஆத்தா சத்தியமில்ல, குடை சத்தியம்," என்றார் பெருமாள். அவருடைய ஆட்கள் சிரித்தார்கள். அடக்கிக்கொள்ளாவிட்டால் நானும் சிரித்திருப்பேன்.

பிறகு எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள். தொப்பி போட்டவன் நான் ஒருவன்தான். "ஐயா சொல்லுங்க. சத்தியம் ஆச்சா, ஆகலையா?"

தம்பிமார்களே, இந்த இடத்தில் உங்களுக்கு நான் வீரமாக ஏதாவது சொன்னதாக எழுத ஆசைதான். நான் செய்தது, கால் கழுவப் போனது. கோயிலுக்குள் போகாதவனுக்குக் கால் கழுவ என்ன அவசியம் என்று யாரும் கேட்கவில்லை. தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் நின்று பையிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்துப் புரட்டினேன். ஈரக்கையில் ஏடுகள் ஒட்டிக்கொண்டன. ஆள் கீழே விழுந்தால் குற்றவாளி. இல்லை, மறுபடி நிறுத்துப் பார். இல்லை, காரணம் கண்ணுக்குத் தெரிகிறதா பார். காற்று காரணம்தான், சரி, ஆனால் காற்று கண்ணுக்குத் தெரிகிறதா? தெரியவில்லை. என் தொப்பிதான் தெரிந்தது. தொட்டியில் மிதந்துகொண்டிருந்தது.

அங்கே நின்றபோது எனக்கு ஒன்று தோன்றியது. அதை மட்டும் கொஞ்சம் மரியாதையோடு சொல்கிறேன். தராசுக் கயிறு அறுந்தால் என்ன என்று எழுதியவர்கள், சும்மா உட்கார்ந்து வேடிக்கைக்கு யோசித்து எழுதியிருக்க மாட்டார்கள். எங்கோ ஒருநாள் உண்மையிலேயே கயிறு அறுந்திருக்கிறது. ஒருவன் கீழே விழுந்து, இடுப்பைத் தடவிக்கொண்டு எழுந்து, இப்ப என்ன என்று கேட்டிருக்கிறான். சுற்றி நின்றவர்கள் சண்டை போட்டிருக்கிறார்கள். நடத்தி வைக்கப் போனவன் கால் கழுவப் போயிருக்கிறான். ஓர் ஊரில் ஒரு மாதிரி முடிவு செய்தார்கள், இன்னோர் ஊரில் வேறு மாதிரி. இரண்டும் ஏட்டில் ஏறிவிட்டன. நான் அதை விடை என்று படித்துக்கொண்டிருந்தேன். அது அவர்கள் மாட்டிக்கொண்ட கதை.

இது தெரிந்ததால் பயம் குறைந்ததா என்றால் இல்லை. எனக்கு முன்பே பலர் நடுங்கியிருக்கிறார்கள் என்பதில் ஓர் ஆறுதல், அவ்வளவுதான். தொப்பியைப் பிழிந்து தலையில் வைத்துக்கொண்டு திரும்பி வந்தேன்.

பாக்கியம் அதே இடத்தில் நின்றாள். "ஐயா, நான் சொல்ல வேண்டியதச் சொல்லிட்டேன். நெருப்பு என் கைக்கு நிக்கல, அதுக்கு நான் என்ன பண்றது. மறுபடி பண்ணச் சொன்னாப் பண்றேன். பண்ண வேணான்னாப் போறேன். மாடு கறக்கிற நேரம் ஆச்சு. மடி கட்டிக்கும்."

"மறுபடி பண்ணக் கூடாது," என்றார் பெருமாள். "ஒரு தடவைன்னுதான் நான் சொன்னது."

மறுபடி ஏற்றச் சொன்னால் அவளுக்குச் சாதகம் செய்தேன் என்பார்கள். ஏற்றாவிட்டால் அவள் தோற்றுப்போவாள். சத்தியம் ஆயிற்று என்று நான் சொல்ல முடியாது, ஆகவில்லை என்றும் சொல்ல முடியாது. பிற்பாடு என் நிதானத்தைப் பலர் மெச்சினார்கள். அது நிதானம் அல்ல. பயம். வாயில் வந்தது இவ்வளவுதான்:

"நடந்ததை நடந்தபடி துவான்கிட்டச் சொல்றேன். முடிவு சொல்ல எனக்கு உத்தரவு இல்லை."

இரண்டு தரப்பும் என்னைத் திட்டின. காதர் பாய் தெருவைக் கடந்து வந்து திட்டினார். "இதுக்கு எதுக்குத் தம்பி மூணு புத்தகம் தூக்கிட்டு வந்தீங்க?" பாக்கியம் மட்டும் திட்டவில்லை. அவள் அதற்குள் மாடு கறக்கப் போய்விட்டாள்.

அறிக்கை எழுத உட்கார்ந்தபோது பயம் போய்ப் படிப்பு திரும்பி வந்துவிட்டது. பயந்தவனுக்குப் படிப்பு என்பது போர்வை மாதிரி. தராசு, கயிறு, காரணம், உரையாசிரியரின் சமாதானம் எல்லாவற்றையும் பக்கம் பக்கமாக எழுதிக்கொண்டுபோய்க் கொடுத்தேன். தலைமை மொழிபெயர்ப்பாளர் படித்தார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

"நீர் சத்தியம் பார்க்கப் போனீரோ, புராணம் படிக்கப் போனீரோ?"

"பழைய சட்டத்துல இதுக்கு நேரான இடம் இருக்குங்க ஐயா."

"இருக்கட்டும். துவான் அந்தக் காலத்திலை இருக்கேல்லை. கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லும்."

மறுநாள் நீதிமன்றத்தில் நான் எழுந்து நின்றேன். பாக்கியம் ஒரு பக்கம், பெருமாள் ஒரு பக்கம். இவள் வீடும் மகள் பெயரும் நான் வாயைத் திறக்கும் விதத்தில் இருக்கின்றன என்று தெரிந்துதான் நின்றேன். ஆனாலும் பழக்கம் விடுமா. "பண்டைய நூல்களில் தராசுப் பிரமாணம் நடக்கும்போது" என்று ஆரம்பித்துவிட்டேன்.

நீதிபதி கையைக் காட்டி நிறுத்தினார். எங்கே நடந்தது என்று கேட்டார்.

"கோயில் வாசலில், துவான்."

சன்னிதியில் என்றுதானே ஏற்பாடு, ஏன் வாசலில் நடந்தது என்று கேட்டார்.

அவர் கேட்டது அவ்வளவுதான். சாஸ்திரத்தில் இதற்கு இடம் தேட நேரம் இல்லை. என்ன நடந்ததோ அதை இங்கிலீஷில் சொன்னேன். தாலி அறுத்து ஒரு வருஷம் ஆகாதவள் கோயிலுக்குள் வரக்கூடாது என்று எதிர்த் தரப்பு பெருமாள் கையை நீட்டித் தடுத்தார், அதனால் வாசலில் நடந்தது.

சொல்லி முடிக்கும்போதுதான் நானே அதைக் கேட்டேன். தமிழில் கேட்டபோது புரியாதது, இங்கிலீஷில் என் வாயிலிருந்து வந்தபோது புரிந்தது. பெருமாளின் வக்கீல் பாதி எழுந்து, மறுபடி உட்கார்ந்தார். காதர் பாய் பின் வரிசையில் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டார். நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார்.

வழக்குத் தொடங்கிய நாளிலிருந்து எல்லாரும் கல்யாணத்தைப் பற்றியே கேட்டுக்கொண்டிருந்தோம். யார் கட்டினார், யார் பார்த்தார், தீ இருந்ததா. சாவைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. பாக்கியமாவது சொல்லியிருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். தாலி அறுத்த காரியத்தை எந்தப் பெண் ஆண்கள் நிறைந்த கோர்ட்டில் தானாக எடுத்துச் சொல்வாள்.

நீதிபதி பெருமாளை எழுந்து நிற்கச் சொன்னார். அவர் கேட்டதை நான் தமிழில் சொன்னேன். "அவள் தாலியை அறுத்தது யார் என்று துவான் கேட்கிறார்."

வக்கீல் கண்ணால் என்னென்னவோ ஜாடை காட்டினார். பெருமாள் அந்தப் பக்கம் பார்க்கவே இல்லை. தன் வீட்டில் ஒரு காரியம் முறைகேடாக நடந்துவிட்டது என்று யாரோ சந்தேகப்பட்ட மாதிரி அவருக்கு ரோஷம் வந்துவிட்டது. நெஞ்சை நிமிர்த்திக்கொண்டார்.

"எங்க வீட்டுல எல்லாம் முறைப்படிதான் துவான். அந்தப் பொண்ணுக்குப் பொறந்த வீட்டு ஆளுங்க இங்க யாரும் இல்ல. அதனால கோடிச் சேலை நான்தான் எடுத்தேன். எடுக்க வேண்டியத எடுத்தது என் சம்சாரம்."

"அவள் மனைவியே இல்லை என்றால் இதெல்லாம் எதற்கு என்று கேட்கிறார்."

பெருமாள் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். இது கூடத் தெரியாத ஆளா என்பது போல.

"முறை வேற, கேஸ் வேற ஐயா. அதை அவருக்கு எடுத்துச் சொல்லுங்க."

எடுத்துச் சொன்னேன். சொல்லுக்குச் சொல் மொழிபெயர்த்தேன். என் உத்தியோக காலத்தில் நான் செய்த மிகச் சுத்தமான மொழிபெயர்ப்பு அதுவாகத்தான் இருக்கும். சூடம் அணைந்ததைப் பற்றி அதற்குப் பிறகு யாரும் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. வீடும் தொழுவமும் பாக்கியத்திடமே இருந்தன. மகள் பள்ளிக்கூடத்தில் சேர்ந்தபோது அப்பன் பெயரைச் சொல்லித்தான் சேர்ந்தாள். என் அறிக்கையை யாரும் படிக்கவில்லை என்று தெரிந்து இரண்டு நாள் வருத்தமாக இருந்தேன்.

படிக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. நானும் இன்னும் படித்துக்கொண்டுதான் இருக்கிறேன், மங்கிய கண்ணோடு. ஆனால் உங்களை எங்காவது பார்த்து வரச் சொல்லி அனுப்பினால், யார் என்ன சொன்னார், யார் எங்கே நின்றார் என்பதை முதலில் சொல்லுங்கள். கயிறு அறுந்த கதையை யாராவது கேட்டால் பிறகு சொல்லிக்கொள்ளலாம். கேட்க மாட்டார்கள்.

அந்தச் சாவு வீட்டில் நடந்தது இவ்வளவுதான். சின்னத்தம்பி செத்த பதினாறாம் நாள், விடிவதற்குள், தொழுவத்துக்குப் பின்பக்கம் பெண்கள் நான்கு பேர் பாக்கியத்தை மணையில் உட்கார வைத்தார்கள். பெருமாளின் மனைவி அவள் கழுத்திலிருந்து தாலியைக் கழற்றி, ஒரு செம்புப் பாலில் போட்டார். பெருமாள் அந்தப் பக்கம் பார்க்காமல் திரும்பி நின்று, கோடிச் சேலையை நீட்டினார்.